நினைவும் வரலாறும்: கான்சாகிபு நமக்குக் கற்பிக்கும் பாடம்



சென்று போன காலத்தை நாம் இரு வழிகளில் அறிகிறோம். பாட்டனார் தந்தையாருக்குச் சொல்லி, தந்தையார் நமக்குச் சொல்லி வருவது ஒன்று. ஏட்டிலும் கல்லிலும் அரசாங்கத் தஸ்தாவேஜுகளிலும் எழுதி வைக்கப்பட்டிருப்பது மற்றொன்று. முன்னதை நினைவு என்கிறோம். பின்னதைப் பதிவு என்கிறோம். இவ்விரண்டும் சேர்ந்ததையே நாம் வரலாறு என்று அழைத்து வருகிறோம்.

இவ்விரண்டும் எப்போதும் ஒத்துப் போவதில்லை. ஓர் ஊர் தன் பெருமையாக நினைவில் வைத்திருக்கும் நிகழ்ச்சியை அடுத்த ஊர் தன் துயரமாக நினைவில் வைத்திருப்பதுண்டு. ஆவணம் எவரைத் துரோகி என்று எழுதிற்றோ, அவரையே மக்கள் வீரர் என்று பாடியதும் உண்டு. இத்தகைய இடங்களில் நாம் எதை ஏற்பது, எதை விடுப்பது? நம் பிள்ளைகளுக்கு எதைச் சொல்வது? இக்கேள்விக்கு விடை தேட, தென் தமிழகத்தில் நன்கு அறியப்பட்ட ஒருவரின் வரலாற்றை எடுத்துக்கொள்வோம். அவர்தாம் மதுரையை ஆண்ட முகம்மது யூசுப் கான். ஊர் மக்கள் அவரைக் கான்சாகிபு என்றழைத்தனர். இக்காலத்தில் பலரும் மருதநாயகம் என்ற பெயரால் அவரை அறிவர்.

நினைவின் இயல்பு

நினைவு என்பது தனி மனிதனின் மூளையில் மட்டும் தங்கியிருப்பதன்று. குடும்பம், தெரு, சமுதாயம் ஆகியவற்றின் துணையோடுதான் மனிதன் எதையும் நினைவில் நிறுத்துகிறான் என்பதைப் பிரெஞ்சு நாட்டுச் சமூகவியலறிஞர் மோரிஸ் ஹால்ப்வாக்ஸ் 1925ஆம் ஆண்டு வெளியிட்ட நூலில் விரிவாக எடுத்துரைத்தார். இரண்டாம் உலகப் போரின்போது நாஜிகளால் சிறைப்பிடிக்கப்பட்ட அவர், 1945ஆம் ஆண்டு புக்கன்வால்ட் வதை முகாமில் உயிர் நீத்தார்.

அவர் கூறியதன் பொருள் நமக்கு எளிதில் விளங்கும். நம் வீட்டில் அடிக்கடி பேசப்படும் செய்தி நம் நினைவில் நிற்கிறது. பேசுவார் இல்லாத செய்தி மறைந்துவிடுகிறது. எது பேசப்படும் என்பதை முடிவு செய்வது இன்றைய தேவையேயன்றி அன்றைய நிகழ்ச்சியின் பெருமையோ சிறுமையோ அன்று. ஆகவே நினைவு, சென்ற காலத்தை அப்படியே காட்டும் கண்ணாடியாக இருப்பதில்லை. அது வேண்டியதை எடுத்து வேண்டாததை உதிர்த்துவிடும் சல்லடையாக இருக்கிறது. கான்சாகிபுவின் வாழ்க்கையில் இச்சல்லடை எவற்றை நிறுத்திற்று, எவற்றை உதிர்த்தது என்பதை இனிக் காண்போம்.

ஆவணங்கள் காட்டும் கான்சாகிபு

இவர் 1725ஆம் ஆண்டளவில் இராமநாதபுரம் சீமையைச் சேர்ந்த பனையூரில் வேளாளர் குடும்பத்தில் பிறந்தவர் என்பதும், இயற்பெயர் மருதநாயகம் என்பதும், இளமையிலேயே வீட்டை விட்டு வெளியேறிப் பின்னர் இஸ்லாத்தைத் தழுவினார் என்பதும் வழிவழியாகக் கூறப்பட்டு வரும் செய்திகள். கிழக்கிந்தியக் கம்பெனியின் படையில் 1750களின் தொடக்கத்தில் சிப்பாய்களின் தலைவராக அவர் காட்சி தருவதிலிருந்து ஆவணங்களின் வெளிச்சம் அவர் மீது விழத் தொடங்குகிறது.

அக்காலத்தில் ஆர்க்காட்டு நவாப் பதவிக்கு முகம்மது அலியும் சந்தா சாகிபும் போட்டியிட்டனர். முன்னவருக்கு ஆங்கிலேயரும் பின்னவருக்குப் பிரெஞ்சுக்காரரும் துணை நின்றனர். திருச்சிராப்பள்ளியைச் சுற்றி ஆண்டுக்கணக்கில் போர் நடைபெற்றது. முற்றுகைக்குள் சிக்கிய ஆங்கிலப் படைக்கு வந்த உணவு வண்டிகளைப் பாதுகாத்துக் கொண்டுவந்து சேர்ப்பதில் யூசுப் கான் காட்டிய திறமை தளபதி ஸ்டிரிஞ்சர் லாரன்ஸின் பாராட்டைப் பெற்றது. 1754ஆம் ஆண்டு கம்பெனியின் சிப்பாய்கள் அனைவருக்கும் அவர் தலைவராக்கப்பட்டார். கம்பெனி அவருக்குத் தங்கப் பதக்கம் வழங்கிச் சிறப்பித்தது.

1758ஆம் ஆண்டின் இறுதியில் பிரெஞ்சுத் தளபதி லாலி சென்னைக் கோட்டையை முற்றுகையிட்டபோது, கோட்டைக்கு வெளியே நின்று பிரெஞ்சுப் படைக்கு வரும் பொருள்களைத் தடுத்து அலைக்கழித்தவர் யூசுப் கான். 1759ஆம் ஆண்டு பிப்ரவரியில் அம்முற்றுகை கைவிடப்பட்டதில் அவருக்குப் பெரும் பங்குண்டு. அன்று சென்னை வீழ்ந்திருந்தால் தென்னிந்தியாவில் ஆங்கில ஆட்சியின் போக்கே மாறியிருக்கக் கூடும்.

அதே 1759ஆம் ஆண்டு மதுரை, திருநெல்வேலிச் சீமைகளின் நிருவாகம் ஆண்டுக்கு 5 இலட்சம் ரூபாய் குத்தகைக்கு அவரிடம் ஒப்படைக்கப்பட்டது. அவர் நீர்நிலைகளைச் செப்பனிட்டார். வழிப்பறிக்கு அஞ்சாமல் மக்கள் சாலைகளில் சென்று வர வகை செய்தார். நெசவுக்கும் வணிகத்துக்கும் ஆதரவளித்தார். அவருடைய பெயரைத் தாங்கிய கான்சாபுரம் என்னும் ஊரும், மதுரை நகரின் கான்சா மேட்டுத் தெருவும் இன்றும் அவரை நினைவூட்டிக் கொண்டிருக்கின்றன.

இங்கே மற்றொன்றையும் நாம் மறைக்காமல் சொல்ல வேண்டும். இக்காலம் முழுவதும் அவருடைய வாள் பாளையக்காரர்களுக்கு எதிராகவே சுழன்றது. நெற்கட்டும்செவலை ஆண்ட பூலித்தேவர் நவாப்புக்கும் கம்பெனிக்கும் வரி செலுத்த மறுத்து நின்றவர். 1755ஆம் ஆண்டு கர்னல் ஹெரான் தலைமையில் தெற்கே சென்ற கம்பெனிப் படையில் யூசுப் கான் இருந்தார். பின்னர் ஆண்டுக்கணக்கில் பூலித்தேவரை எதிர்த்துப் போரிட்டு, 1761ஆம் ஆண்டு வாசுதேவநல்லூர், நெற்கட்டும்செவல் முதலிய கோட்டைகளைக் கைப்பற்றியவரும் அவரே. கள்ளர் நாட்டிலும் அவருடைய படையெடுப்புகள் கடுமையாக இருந்தன. வரி வசூலுக்கும் அடக்குமுறைக்கும் அவர் கம்பெனியின் கருவியாகப் பயன்பட்டார் என்பதை எந்த ஆய்வாளராலும் மறுக்க இயலாது.

மதுரையின் முற்றுகை

1761ஆம் ஆண்டு ஜனவரியில் புதுச்சேரி ஆங்கிலேயரிடம் வீழ்ந்தது. பிரெஞ்சுப் பகைவன் ஒழிந்த பின், அப்பகைவனை வீழ்த்த உதவிய வீரரின் தேவையும் கம்பெனிக்குக் குறைந்தது. யூசுப் கான் கூடுதல் தொகை தருவதாகக் கூறிக் குத்தகையை நீட்டித்துக் கேட்டும் இசைவு கிட்டவில்லை. மதுரையும் திருநெல்வேலியும் தமக்கே உரியவை என்றும், யூசுப் கான் தம்முடைய ஊழியரே என்றும் நவாப் முகம்மது அலி வற்புறுத்தினார். கம்பெனி அதற்கு இணங்கிற்று. 1763ஆம் ஆண்டு பிப்ரவரி 10ஆம் நாள் ஐரோப்பாவில் கையெழுத்தான பாரிஸ் உடன்படிக்கையின் 11ஆவது பிரிவு முகம்மது அலியைக் கர்நாடகத்தின் சட்டப்படியான நவாப்பாக ஏற்றுக்கொண்டது. எங்கோ தொலைவில் எழுதப்பட்ட ஒரு வரி, வைகைக் கரையில் இருந்த ஒருவரின் தலைவிதியைத் தீர்மானிப்பதில் பங்கு கொண்டது.

யூசுப் கான் அடிபணிய மறுத்தார். மதுரைக் கோட்டையில் பிரெஞ்சுக் கொடியை ஏற்றினார். மார்ச்சாண்ட் என்னும் பிரெஞ்சுப் படைத்தலைவன் அவருடன் சேர்ந்தான். 1763ஆம் ஆண்டு கர்னல் மான்சன் தலைமையில் வந்த படை கோட்டையைப் பிடிக்க இயலாமல் மழைக்காலத்தில் பின்வாங்கிற்று. 1764ஆம் ஆண்டு மேஜர் சார்லஸ் காம்ப்பெல் தலைமையில் இரண்டாம் முற்றுகை தொடங்கிற்று. புதுக்கோட்டைத் தொண்டைமானும் கம்பெனிக்குத் துணை நின்றார். ஜூன் மாதம் நடைபெற்ற நேரடித் தாக்குதலும் தோல்வியில் முடிந்தது. மேஜர் பிரஸ்டன் அதில் படுகாயமுற்று மாண்டார். அதன்பின் கோட்டைக்குள் உணவு செல்லாமல் அடைத்துப் பட்டினி போடும் வழியை ஆங்கிலேயர் கைக்கொண்டனர்.

வாளால் வீழ்த்த முடியாதவரைப் பசியும் சூழ்ச்சியும் வீழ்த்தின. 1764ஆம் ஆண்டு அக்டோபர் 13ஆம் நாள் அவருடைய திவான் சீனிவாச ராவ், மருத்துவர் பாபா சாகிபு, மார்ச்சாண்ட் ஆகியோர் கூடி அவரைப் பிடித்து ஆங்கிலேயரிடம் ஒப்படைத்தனர். 15ஆம் நாள் மதுரைக்கு அருகே நவாப்பின் முகாமுக்கு முன்னால் அவர் தூக்கிலிடப்பட்டார்.

மக்கள் நினைவில் கான்சாகிபு

ஆவணங்களின் கதை இங்கே முடிகிறது. மக்களின் கதையோ இங்கிருந்துதான் தொடங்குகிறது.

அவர் தொழுது கொண்டிருந்தபோது பிடிபட்டார் என்றும், அவருடைய தலைப்பாகைத் துணியாலேயே அவரைக் கட்டினர் என்றும் மக்கள் கூறினர். தூக்குக் கயிறு இருமுறை அவர் உயிரை வாங்கத் தவறி மூன்றாம் முறையே வெற்றி கண்டது என்றனர். இறந்த பின்னும் அவர் எழுந்து வந்துவிடுவாரோ என்றஞ்சி உடலைத் துண்டாக்கி, தலையைத் திருச்சிராப்பள்ளிக்கும், கை கால்களைப் பாளையங்கோட்டை, தஞ்சாவூர், பெரியகுளம் முதலிய வெவ்வேறு ஊர்களுக்கும் அனுப்பினர் என்றனர். உடலின் நடுப்பகுதி அடக்கம் செய்யப்பட்டதாகக் கூறப்படும் மதுரை சம்மட்டிபுரத்தில் 1808ஆம் ஆண்டு அடக்கத்தலத்தின் மீது கட்டடம் எழுப்பப்பட்டது. அவருடைய போரைப் பாடும் "கான்சாகிபு சண்டை" என்னும் கதைப்பாடல் நாட்டுப்புறத்தில் வழங்கி வந்தது. பேராசிரியர் நா. வானமாமலை அதனைப் பதிப்பித்துத் தமிழுலகுக்கு அளித்தார்.

கயிறு எத்தனை முறை அறுந்தது என்று ஆராய்வதில் பெரும் பயனில்லை. அக்கதை எதைச் சொல்ல வந்தது என்பதே நாம் ஆராயத்தக்கது. இவ்வளவு வலிமை வாய்ந்தவரைச் சாதாரணக் கயிறு கொன்றிருக்க முடியாது என்று மக்கள் எண்ணினர். அவரைக் கொன்றவர்கள் அவருடைய பிணத்தைக் கண்டும் அஞ்சினர் என்று நம்பினர். நேர்மையான போரில் அவரை எவராலும் வென்றிருக்க முடியாது என்னும் எண்ணத்தைத் தொழுகை வேளையில் பிடிபட்டார் என்னும் செய்தி சுமந்து நிற்கிறது. நிகழ்ச்சியைப் பற்றிய சாட்சியமாக இக்கதைகள் பலவீனமானவையாக இருக்கலாம். நிகழ்ச்சியைக் கண்டு நின்ற மக்களின் உள்ளத்தைப் பற்றிய சாட்சியமாக இவை மிகவும் வலுவானவை. எந்தக் கம்பெனிக் கடிதத்திலும் இச்சாட்சியம் கிடைக்காது.

ஆயினும் ஒன்றைக் கவனியுங்கள். மக்கள் நினைவு அவருடைய இறுதி ஈராண்டுகளைத் தாங்கிப் பிடித்தது. அதற்கு முன் ஏறக்குறைய பத்தாண்டுகள் அவர் கம்பெனிக்குச் செய்த ஊழியத்தை மெல்ல நழுவ விட்டுவிட்டது. ஒருவர் எப்படி இறந்தாரோ அப்படியே வாழ்ந்தார் என்று நினைத்துக்கொள்வது நினைவின் வழக்கம்.

ஒருவரே, நினைவுகள் பல

நெற்கட்டும்செவல் பக்கம் சென்றால் வேறொரு நினைவைக் காண்போம். அங்கே பூலித்தேவரே நாயகர். அவருக்கு நினைவு மாளிகை உண்டு. அவர் சங்கரன்கோவில் ஆலயத்துக்குள் சென்று மறைந்துவிட்டார் என்பது அப்பகுதி மக்களின் நம்பிக்கை. அந்த நினைவில் கான்சாகிபு கோட்டையை இடித்த பகைவர். கான்சாகிபுவின் கதையில் கயிறு தோற்றது. பூலித்தேவரின் கதையில் சிறையே தோற்றது. இரு தரப்பாரும் தத்தம் வீரரைச் சாவுக்கு விட்டுக்கொடுக்க மறுத்த வகையில் இக்கதைகள் உடன்பிறந்தவை போலவே இருக்கின்றன.

ஆங்கிலேயர் எழுதியவற்றிலும் ஒரே முகம் இல்லை. கம்பெனிப் போர்களைப் பற்றி எழுதிய ராபர்ட் ஓர்ம், தம் நூலை 1761ஆம் ஆண்டோடு நிறுத்திக்கொண்டார். ஆகவே அந்நூலில் யூசுப் கான் நம்பிக்கைக்குரிய வீரராகவே நின்றுவிடுகிறார். பின்னாளில் சர் ஜான் மால்கம், ஆங்கிலேயரிடம் பணியாற்றிய இந்தியப் படைவீரர்களில் இவருக்கு நிகரான துணிவும் திறமையும் உடையவர் இல்லை என்னும் கருத்துப்பட எழுதினார். 1914ஆம் ஆண்டு எஸ். சி. ஹில் ஆவணங்களைத் திரட்டி இவருடைய வரலாற்றை முழு நூலாக வெளியிட்டபோது, நூலின் தலைப்பிலேயே இவரைக் கலகக்காரத் தளபதி என்று குறித்தார். கதையை எந்த ஆண்டில் நிறுத்துகிறோம் என்பதைப் பொறுத்து ஒருவர் விசுவாசியாகவோ கலகக்காரராகவோ தோற்றமளிக்கிறார் என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டியதில்லை.

1857ஆம் ஆண்டு வட இந்தியாவில் எழுந்த போரை ஆங்கிலேயர் சிப்பாய்க் கலகம் என்றனர். நாம் முதல் இந்திய விடுதலைப் போர் என்றோம். நாடு விடுதலை பெற்ற பின், அதற்கும் முந்தைய போராட்டங்களைத் தேடும் முயற்சி தமிழகத்தில் வலுப்பெற்றது. 1799ஆம் ஆண்டு கயத்தாற்றில் தூக்கிலிடப்பட்ட வீரபாண்டிய கட்டபொம்மனும், 1801ஆம் ஆண்டு திருப்பத்தூரில் தூக்கிலிடப்பட்ட மருது சகோதரர்களும் அவ்வரிசையில் புகழ் பெற்றனர். "முதல் விடுதலை வீரர் யார்?" என்னும் கேள்வி எழுந்தபோது சிலர் பூலித்தேவர் என்றனர், சிலர் கான்சாகிபு என்றனர். ஒருவரையொருவர் எதிர்த்துப் போரிட்ட இருவரும் ஒரே பட்டத்துக்கு உரியவர்களாக முன்னிறுத்தப்பட்டனர்.

1997ஆம் ஆண்டு அக்டோபரில் "மருதநாயகம்" என்னும் திரைப்படத்தின் தொடக்க விழா சென்னையில் நடைபெற்றது. நடிகர் கமல்ஹாசன் எடுக்கத் திட்டமிட்ட அப்படத்தின் தொடக்க விழாவுக்கு இங்கிலாந்து அரசி இரண்டாம் எலிசபெத் வந்திருந்தார். ஆங்கிலக் கம்பெனியின் படை முற்றுகையிட்டு வீழ்த்திய ஒருவரைப் பற்றிய படத்துக்கு அந்நாட்டின் அரசியே விருந்தினராக வந்தது காலத்தின் விந்தை. அப்படம் முடிக்கப்படவில்லை. ஆயினும் அதன்பின் கான்சாகிபு என்ற பெயரைவிட மருதநாயகம் என்ற பெயரே இளைஞரிடையே மிகுதியாகப் பரவிற்று. எடுத்து முடிக்கப்படாத ஒரு படம்கூட ஒரு தலைமுறையின் நினைவில் ஒருவரின் பெயரையே மாற்றி அமைத்துவிட முடிகிறது.

ஆவணங்களும் ஒரு தரப்பின் நினைவே

இதுவரை கூறியவற்றைக் கொண்டு, நினைவு தவறும், ஆவணம் தவறாது என்று எவரும் முடிவு கட்டிவிடக் கூடாது. புனித ஜார்ஜ் கோட்டையில் எழுதப்பட்ட கடிதங்களை எழுதியவர் யார்? மதுரையை முற்றுகையிட்டவர்களும் அவர்களுக்கு ஆணையிட்டவர்களும்தாம். இலண்டனில் இருந்த தங்கள் மேலாளர்களுக்குச் செலவையும் இழப்பையும் நியாயப்படுத்த வேண்டிய கட்டாயம் அவர்களுக்கு இருந்தது. நேற்றுவரை பதக்கம் பெற்றவரைத் தூக்கிலிட வேண்டுமானால் அவரைக் கலகக்காரர் என்றெழுதித்தான் ஆக வேண்டும்.

மேலும் ஆவணத்தில் இடம் பெறாதவர்கள் பலர். முற்றுகையின்போது மதுரைக் கோட்டைக்குள் பசியால் வாடிய குடிமக்களின் பெயர்ப்பட்டியல் எங்கே? இரு பக்கத்திலும் மாண்ட எளிய சிப்பாய்களின் வீடுகளில் எழுந்த அழுகுரலை யார் குறித்து வைத்தார்கள்? கான்சாகிபுவின் மனைவி மாசா பற்றியும் அவர்களுடைய இளம் மகனைப் பற்றியும் ஆவணங்கள் மிகச் சுருக்கமாகவே பேசுகின்றன. வரவு செலவுக் கணக்கும் குண்டுகளின் எண்ணிக்கையும் ஆவணத்தில் நிற்கின்றன. கண்ணீர் நிற்பதில்லை. அதைக் கதைப்பாடலும் பாட்டிமார் சொல்லும் கதையும்தான் காத்துத் தருகின்றன.

எனவே ஆவணத்தையும் ஒரு தரப்பாரின் நினைவு என்றே கொள்ள வேண்டும். அது நிகழ்ச்சி நடந்த காலத்திலேயே எழுத்தில் உறைந்துவிட்ட நினைவு. அதனால் பின்னாளில் மாறாது என்னும் சிறப்பு அதற்குண்டு. ஒரு பக்கச் சார்பு அதிலும் உண்டு. ஆவணத்தைக் கொண்டு நினைவைத் திருத்துவதும், நினைவைக் கொண்டு ஆவணத்தின் மௌனத்தை நிரப்புவதுமே வரலாறு கற்போர் கடன்.

நம் முன்னோர் கைக்கொண்ட அளவுகோல்

இவ்வகையில் நமக்கு வழிகாட்டும் மரபு வெளியிலிருந்து வர வேண்டியதில்லை. செய்தி ஒன்று வந்தால் அதைத் தீர விசாரித்துக்கொள்ள வேண்டுமென்பதைத் திருக்குர்ஆனின் அல்ஹுஜுராத் அத்தியாயத்தின் 6ஆவது வசனம் நமக்குக் கட்டளையாகத் தந்துள்ளது. ஹதீஸ் கலை அறிஞர்கள் ஒரு செய்தியை ஏற்கும் முன் அது யார் யார் வழியாக வந்தது என்னும் அறிவிப்பாளர் தொடரை ஆராய்ந்தனர். தொடரில் உள்ள ஒவ்வொருவரும் நேர்மையானவரா என்று பார்த்ததோடு அவர்கள் நிறுத்திக்கொள்ளவில்லை. அவருடைய நினைவாற்றல் எத்தகையது, முதுமையில் அது குன்றிற்றா என்றும் கேட்டனர். நல்லவர் ஒருவரின் நினைவும் பிழைபடக் கூடும் என்பதை அவர்கள் அன்றே உணர்ந்திருந்தனர். அவர் சொன்னதை ஏற்காமல் விட்டது அவரை அவமதிப்பதாக எவரும் கருதவில்லை.

1377ஆம் ஆண்டு தம் "முகத்திமா"வை எழுதிய இப்னு கல்தூன் இன்னும் ஒரு படி மேலே சென்றார். சொன்னவர் யார் என்று மட்டும் பார்த்தால் போதாது. சொல்லப்பட்டது நடக்கக் கூடியதா என்றும் பார்க்க வேண்டுமென்றார். மூஸா நபியின் படையில் 6 இலட்சத்துக்கும் மேற்பட்ட வீரர்கள் இருந்தனர் என்று முந்தைய வரலாற்றாசிரியர்கள் எழுதி வைத்ததை அவர் எடுத்துக்காட்டி, அவ்வளவு பெரும்படையை அந்நிலப்பரப்பு தாங்குமா, அதனை அணிவகுத்து நடத்த முடியுமா என்று வினவினார். தம் தரப்பின் மீதுள்ள பற்று, செய்தியைச் சோதிக்காமல் ஏற்கச் செய்துவிடும் என்றும் எச்சரித்தார். நம் வீரர்களைப் பற்றி நாம் பேசும்போது நமக்கு மிகவும் தேவைப்படும் எச்சரிக்கை இதுவேயாகும்.

இந்த அளவுகோலைக் கான்சாகிபுவுக்குப் பொருத்திப் பார்ப்போம். அவர் கம்பெனியின் தளபதியாக இருந்தார், பாளையக்காரர்களை ஒடுக்கினார், நல்ல நிருவாகியாக விளங்கினார், இறுதியில் நவாப்பையும் கம்பெனியையும் எதிர்த்துத் துணிவோடு நின்று உயிர் கொடுத்தார். இவை நான்கும் உண்மை. நான்காவதை மட்டும் நாம் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்தால், முதலிரண்டையும் அவர்கள் வேறெங்கோ, நம்மீது நல்லெண்ணம் இல்லாத ஒருவரின் வாயிலிருந்து கேட்கும் நாள் வரும். அன்று அவர்கள் கான்சாகிபுவின் மீது மட்டும் ஐயங்கொள்ள மாட்டார்கள். நாம் சொன்ன அனைத்தின் மீதும் ஐயங்கொள்வார்கள். பாதி உண்மையால் கட்டப்பட்ட பெருமையை இடிக்க எதிரி தேவையில்லை. மீதிப் பாதி உண்மையே போதும்.

அதேபோல் நெற்கட்டும்செவல் மக்களின் நினைவை நாம் மதிக்கத் தவறினால், நம் நினைவை மதிக்குமாறு அவர்களிடம் கேட்கும் உரிமையும் நமக்கு இல்லாமற் போகும். பூலித்தேவருக்கும் கான்சாகிபுவுக்கும் இடையே நடந்தது அரசியல் அதிகாரத்துக்கான போர். அதைச் சமயப் போராகவோ சாதிப் போராகவோ இன்று சித்திரிப்பது இருவருக்குமே செய்யும் அநீதியாகும். கான்சாகிபுவைத் தூக்கிலிடச் செய்த நவாப்பும், அவரைக் காட்டிக்கொடுத்த மூவரில் ஒருவரான பாபா சாகிபும் முஸ்லிம்கள். அவரால் தோற்கடிக்கப்பட்டவர்களும் அவருக்காகப் பாடல் கட்டியவர்களும் இதே தமிழ் மண்ணின் மக்கள். இக்கணக்கைச் சரியாக வைத்திருந்தால் கலகம் மூட்டுவோருக்கு நம்மிடத்தில் வேலையில்லை.

நம்முன் உள்ள பணி

கான்சாகிபு போன்ற பெரியவரின் வரலாற்றை ஆராய ஹில் போன்றவர்கள் ஆவணங்களைத் தேடினர். பேராசிரியர் வானமாமலை போன்றவர்கள் பாடலைப் பதிப்பித்தனர். நம் மஹல்லாவின் வரலாற்றை யார் தேடப் போகிறார்கள்? நாம் செய்யாவிட்டால் வேறெவரும் செய்யப் போவதில்லை.

எந்த ஜமாஅத்துக்கும் அதன் ஆவணங்கள் உண்டு. பழைய தீர்மானப் புத்தகங்கள், நிக்காஹ் பதிவேடுகள், வக்ஃபு பத்திரங்கள், கணக்கேடுகள், மையவாடியில் உள்ள மீஸான் கற்களின் எழுத்துகள், வீட்டுப் பரண்களில் கிடக்கும் அரபுத்தமிழ் ஏடுகள் ஆகியவை அனைத்தும் வரலாற்று மூலங்களே. கறையானும் ஈரமும் அவற்றைத் தின்று கொண்டிருக்கின்றன. அரபுத்தமிழை வாசிக்க வல்ல முதியவர்களும் ஆண்டுக்காண்டு குறைந்து வருகின்றனர். ஏட்டைக் காப்பதோடு அதை வாசிக்கும் கலையையும் அடுத்த தலைமுறைக்குக் கொடுத்தாக வேண்டும்.

எழுதப்படாத நினைவுகளும் அவ்வாறே. மஹல்லாவின் மூத்த ஆண்களும் பெண்களும் கண்டதையும் கேட்டதையும் அவர்கள் வாய்மொழியிலேயே பதிவு செய்து வைக்க வேண்டும். சொன்னவர் யார், எந்த ஆண்டு சொன்னார், தாமே கண்டதா, பிறர் சொல்லக் கேட்டதா என்பவற்றை உடன் குறித்து வைத்தால், பின்வருவோர் அதைச் சோதித்துப் பார்க்க வழி பிறக்கும். குறிப்பாகப் பெண்களின் நினைவுகளைப் பதிவு செய்வதில் கவனம் வேண்டும். தீர்மானப் புத்தகங்களில் அவர்களுடைய பெயர்கள் அரிதாகவே இடம் பெற்றுள்ளன. பஞ்ச காலத்தில் குடும்பத்தைக் காத்தவர்களும், கடல் கடந்து சென்ற ஆண்களின் பொறுப்புகளை ஊரில் இருந்து சுமந்தவர்களும் அவர்களே.

இருவர் சொல்வது ஒன்றுக்கொன்று முரண்பட்டால் இரண்டையும் எழுதி வைப்போம். நமக்குப் பெருமை தருவதை மட்டும் எழுதிப் பிணக்குகளை விட்டுவிட வேண்டாம். ஓர் ஊரில் பள்ளிவாசல் கட்டப்பட்ட கதையில் பெருங்கொடையாளர் ஒருவரின் பெயர் நிலைத்திருக்கும். மண் சுமந்த பலரின் பெயர்கள் மறைந்திருக்கும். அப்பெயர்களில் ஒன்றிரண்டையேனும் மீட்டெடுப்பது நம் காலத்தில் நாம் ஆற்றக்கூடிய நல்லறம்.

சம்மட்டிபுரத்து அடக்கத்தலத்தில் துயில்பவர் நம் புகழுரையை எதிர்பார்த்திருக்கவில்லை. அவருடைய வாழ்க்கை முழுவதையும், அதன் நிறைகுறைகளோடு, நேர்மையாகச் சொல்வதே நாம் அவருக்குச் செய்யும் மரியாதை. நமக்குப் பின் வருவோர் நம்மைப் பற்றிச் சொல்லும்போதும் அதே நேர்மையைக் கைக்கொள்ள வேண்டுமானால், அதற்குத் தேவையான பதிவுகளை இன்றே நாம் விட்டுச் செல்ல வேண்டும். இன்ஷா அல்லாஹ், இவ்வாண்டு முதலே ஒவ்வொரு குடும்பத்தாரும் தம்மிடமுள்ள ஒரு பழைய ஏட்டையோ ஒரு பெரியவரின் நினைவையோ ஜமாஅத்தின் பார்வைக்குக் கொண்டு வர முன்வருவோமாக!